சத்தம் போடாத பி

மரக்காணம்,
6.5.2024

அன்புத் தங்கச்சி மேரிசெல்விக்கு,

(மடத்தில் கூப்பிடுவதுபோல் சிஸ்டர் என்று எழுதினால் ஆஸ்பத்திரியில் மாத்திரை கேட்பதுபோல் இருக்கிறது.)

இங்கே எல்லோரும் சுகம். நான் மட்டும் சாகப் போகிறேன்.

வலது கண்ணில், மூக்கோரமாக, சதை ஒன்று வளர்ந்து கருவிழியைப் பார்த்து நகர்கிறது. உப்பளத்து மேஸ்திரிக்குக் கண் உறுத்தாமலா இருக்கும் என்று விட்டுவிட்டேன். கண் முகாமுக்கு வந்த டாக்டர் பொண்ணு, “டெரிஜியம் அங்கிள், ஆபரேஷன் பண்ணிடலாம்” என்று சிரித்தது. விளக்கம் கேட்கத் தைரியமில்லை. செல்போனில் தேடினால் உன் அண்ணி பிரிசில்லா எட்டிப் பார்ப்பாள். மகள் பூவிழியின் டிக்‌ஷனரியை மாட்டுக் கொட்டகைக்குக் கொண்டுபோய் டி, ஈ, ஆர் என்று விரல் வைத்துத் தேடினேன். டெரிஜியம் இல்லவே இல்லை. டெர்மினல்தான் இருந்தது. பஸ் நிற்கிற இடம் என்று நினைத்திருந்தேன். ‘மரணத்தில் முடியும் நோய்’ என்றும் போட்டிருக்கிறது. பாவம், அந்தப் பொண்ணு நாசூக்காக உச்சரித்திருக்கிறது.

ஆபரேஷன் வேண்டாம். போகிற உயிர் முழுக் கண்ணோடு போகட்டும். பிரிசில்லாவிடம் மூச்சு விடவில்லை. அப்புறம் நீதான் அவளுக்கு ஆறுதலாக நாலு வரி எழுத வேண்டும்.

உன் அண்ணன்,
சிலுவைமுத்து


மடம்,
14.5.2024

அன்புள்ள அண்ணனுக்கு,

இயேசுவுக்கே புகழ். உங்களுக்குத் திட்டு.

மடத்துக்கு வருமுன் நான் கண் வார்டில்தானே நர்ஸாக இருந்தேன்? டெரிஜியம் டி-யில் தொடங்காது. முன்னால் ஒரு பி உண்டு, வாயைத் திறக்காது. எங்கள் மடத்தில் நாங்கள் இருப்பதுபோல. பி-யில் பாருங்கள். கிரேக்க மொழியில் சிறகு என்று அர்த்தம். வெயிலும் உப்புக்காற்றும் பட்டு வளரும் சதை. புற்றும் இல்லை, சாவும் இல்லை. ஆனால் விட்டால் பார்வையை மறைக்கும். ஆபரேஷனுக்குப் போங்கள், கூலிங் கிளாஸ் போடுங்கள், முதலில் அண்ணியிடம் சொல்லுங்கள். நாலு வரி எழுதும் வேலையை நான் ஏற்பதாக இல்லை.

தங்கச்சி,
மேரிசெல்வி


மரக்காணம்,
9.6.2024

என் தங்கமே,

பி-யில் பார்த்தேன். இருக்கிறது, திருட்டுப்பயல். கொட்டகையிலேயே மாட்டைக் கட்டிப் பிடித்து அழுதேன். அது உதைத்தது. வலித்தது. உயிரோடு இருக்கிறேன் என்று சந்தோஷப்பட்டேன்.

ஆபரேஷன் முடிந்தது. கறுப்புக் கண்ணாடியோடு பாத்தி வரப்பில் நடந்தால் பெண்டுகள், “இன்னா மேஸ்திரி, சினிமாவுல சேர்ந்துட்டியா?” என்கிறார்கள்.

பிரிசில்லாவிடம் எல்லாம் சொன்னேன். அழுவாள் என்று பார்த்தால் இடுப்பில் கை வைத்துக்கொண்டாள்.

“யோவ், கொழம்புல ஒரு கொறையும் சொல்லாம துன்ன. ‘நீயும் உக்காந்து சாப்பிடு பிரிசில்லா’ன்னு கொஞ்சுன. கீழ்புத்துப்பட்டுல எவளையோ புடிச்சிட்டன்னு நான் அந்தோணியாருக்கு நவநாள் ஜெபம் சொல்லினு இருந்தேன்யா!”

சாகப் போகிறவன் நல்லவனாக இருப்போம் என்று பார்த்தால் இந்தப் பெயர்!

நேற்று கருவாட்டுக் குழம்பு. ஒரு வாய் வைத்தேன். “உப்பளத்து மேஸ்திரி ஊட்டுல உப்புக்குப் பஞ்சமா?” என்றேன்.

உப்பு ஜாடியைத் தூக்கி வந்து தட்டுக்குப் பக்கத்தில் ணங்கென்று வைத்தாள்.

“அப்பாடா, வந்துட்டான்யா என் புருசன்” என்று முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

இரண்டு கண்ணாலும் பார்த்து எழுதும்,
சிலுவைமுத்து