மக்ரோனியும் சுத்தபோசனமும்

8-2-1993, திங்கள்

குக்கர் இரண்டு, அண்டா ஒன்று, மீதி கரண்டி சில்லறை. வியாபாரம் சுமார்.

அந்தோணிசாமி சார் வந்தார். ஒரு மூடி வாங்கினார். போன வாரமும் மூடிதான். தனி ஆளுக்கு இத்தனை மூடி எதற்கு என்று கேட்க வாய்வரை வந்தது. வருகிற கஸ்டமரை நாமே ஏன் விரட்ட வேண்டும் என்று விட்டுவிட்டேன்.

போகும்போது, "மாசக் கடைசியில பெங்களூருக்குப் போறேன், முதலாளியம்மா. பையன் வரச் சொல்லிட்டான். செம்பாக்கம் வீட்டைக் காலி பண்றேன்" என்றார்.

"நல்லது சார்" என்றேன்.

என்ன நல்லது? அப்புறம் வந்த ஒருத்திக்குத் தோசைக்கல் விலையை நானே குறைத்தேன். அவள் கேட்கக்கூட இல்லை.

10-2-1993, புதன்

மேற்குத் தாம்பரம் மார்க்கெட்டில் சாக்கு விரித்து அலுமினியக் கிண்ணம் விற்றவள் நான். இன்றைக்கு மூன்று ஷட்டர் கடை, மேலே வீடு. புருஷன் போனபிறகு எல்லாம் நானே முடிவு பண்ணி, நானே செய்து, நானே சரி என்று சொல்லிக்கொண்டதுதான். ஆகையால் இதையும் நேராகவே எழுதிவிடுகிறேன்.

எனக்கு அந்த ஆளைப் பிடித்திருக்கிறது. அவர் பெங்களூர் போகக் கூடாது.

எழுதியாச்சு. இப்போது என்ன செய்வது? சரக்கென்றால் பேசி மடக்கலாம். இதற்கு என்ன விலை சொல்லி ஆரம்பிப்பது?

11-2-1993, வியாழன்

வழி கிடைத்தது. சார் கப்பலில் ஃபிட்டராக இருந்தவர். எந்தப் பேச்சை எடுத்தாலும் இத்தாலியில் போய்த்தான் நிற்பார். ஜெனோவா என்கிற ஊரில் யாரோ வீட்டுக்குக் கூப்பிட்டுப் போட்ட சாப்பாடு. "குழல் குழலா மாவு. மேல வெள்ளையா ஒரு குழம்பு. பாலாடை, பூண்டு, கோழி... பாஸ்தான்னு பேரு. அதுக்கப்புறம் அந்த ருசியைக் கண்ணுல பார்க்கல." ருசியை எப்படிக் கண்ணால் பார்ப்பார் என்று நான் கேட்டதில்லை. சொல்லும்போது அவர் முகம் நன்றாக இருக்கும்.

அதை நான் சமைக்கப் போகிறேன்.

13-2-1993, சனி

குழல் மாவுக்கு இங்கே மக்ரோனி என்று பெயர். ரயில்வே கேட்டுக்கு அந்தப் பக்கம் ஒரு கடையில் பாக்கெட் கிடைத்தது. அரிசி மாதிரிதானே என்று குக்கரில் போட்டு மூன்று விசில் விட்டேன். திறந்தால் குழலையும் காணோம், மக்ரோனியையும் காணோம்.

கடையில் எனக்கு வலது கை குப்புராஜ். நாற்பது வயசு ஆள், வாய் மட்டும் பதினாறு. எட்டிப் பார்த்தான்.

"இன்னாக்கா இது? போஸ்டர் ஒட்ற பசை மாரி கீது."

"பாஸ்தாடா."

"அதான் சொன்னேன், பசைதான்."

கீழே கொண்டுபோய் அதை வைத்தே 'உடைந்தால் வாங்கியவர் பொறுப்பு' நோட்டீசைச் சுவரில் ஒட்டினான். இன்னும் விழவில்லை.

15-2-1993, திங்கள்

கிரீம் வேண்டுமே. பேக்கரியில் குப்புராஜைக் கேட்கச் சொன்னேன். ஒரு டப்பா நிறைய வாங்கி வந்தான். ரோஸ் கலர்.

"வெள்ளை இல்லியான்னு கேட்டேன்க்கா. பொறந்த நாளுக்கு ரோஸ்தான் ஓடுதாம்."

கேக்கின் மேல் பூ வைப்பார்களே, அதேதான். போட்டுத்தான் பார்ப்போமே என்று கோழியில் ஒரு கரண்டி போட்டேன். கோழி ஏதோ வளைகாப்புக்குக் கிளம்பின மாதிரி ஆகிவிட்டது. வாயில் வைக்க முடியவில்லை. குப்புராஜ் மட்டும் "சோத்துக்கு வேணாம், பன்னுக்கு ஓகே" என்றான்.

இனி கடைக் கிரீம் கிடையாது. எருமைப்பால் வாங்கி நானே ஏடு எடுத்துக்கொள்கிறேன்.

17-2-1993, புதன்

நாள் பார்த்தேன். வெள்ளி சிவராத்திரி. சனி பெருமாள். ஞாயிறு அமாவாசை. திங்கள் கும்பகோணத்திலிருந்து சரக்கு இறங்குகிறது. செவ்வாய் என் வீட்டில் கவிச்சி ஏறாது. வியாழன் சதுர்த்தி. அடுத்த வெள்ளி, சனி பேச்சே இல்லை. ஞாயிறு, இருபத்தெட்டு, அவருக்கு ரயில்.

மிஞ்சியது 24, புதன். ஒரே ஒரு நாள். எந்தச் சாமியும் குறுக்கே வராத நாள்.

18-2-1993, வியாழன்

சாரைக் கூப்பிட்டுவிட்டேன்! கல்லாவுக்குப் பின்னால் நின்றுகொண்டு, "ஊருக்குப் போறதுக்கு முன்னாடி ஒருவேளை நம்ம வீட்ல சாப்பிடுங்க. புதன்கிழமை ராத்திரி" என்றேன். என்ன சமையல் என்று சொல்லவில்லை. திடீரென்று கண்முன் வைக்க வேண்டும்.

சார் கொஞ்சம் யோசித்தார். "புதனா... அன்னைக்கு எனக்கு ஒருசந்தி. ராத்திரி ஒரு வேளைதான் சாப்பாடு. அதுவும் சுத்தபோசனம். உங்களுக்குச் சிரமமா இருக்குமே?"

"என்ன சிரமம்? எல்லாம் சுத்தமாத்தான் இருக்கும்" என்றேன்.

"அப்ப சரி. சாயங்காலம் கோயிலுக்குப் போயிட்டு நேரா வந்துடறேன்."

மாதா கோயிலைத்தான் அவர்கள் கோயில் என்பார்கள். அது தெரியும். ஆனால் மாடி ஏறி வந்ததும்தான் உறைத்தது. சுத்தபோசனமா? என் வீட்டுச் சமையல் சுத்தமில்லை என்று நினைத்தாரா? தாம்பரம் முழுக்க வீட்டுக்கு வீடு என் கடைப் பாத்திரம்தான் பளபளக்கிறது. என்னிடமா சுத்தம்?

வரட்டும். காட்டுகிறேன்.

20-2-1993, சனி

அடுப்படியைச் சோடா உப்புப் போட்டுத் தேய்த்தேன்.

22-2-1993, திங்கள்

மறுபடியும் தேய்த்தேன். ஜன்னல் கம்பியை எலுமிச்சம்பழம் போட்டு. குப்புராஜ், "ஆஸ்பத்திரி தொறக்கிறியாக்கா?" என்கிறான்.

ஒத்திகையும் பார்த்தேன். மக்ரோனியைத் திறந்த பாத்திரத்தில், கொதிக்கிற உப்புத் தண்ணீரில் போட வேண்டும். கொஞ்சம் கடிபடும்போதே வடித்துவிட வேண்டும். வெண்ணெயில் பூண்டு, அதில் மைதா, மேலே பால், கடைசியில் ஏடு. கட்டி தட்டாமல் வந்தது. டப்பாவில் வருகிற சீஸ் கட்டியைத் துருவிப் போட்டேன். ஓமம் மாதிரி வாசனையாக ஒரு தழை தூவியிருந்தார்கள் என்று சார் சொல்லியிருக்கிறார். அது மாடித் தொட்டியிலேயே இருக்கிறது, ஓமவல்லி.

ருசி பார்த்தேன். மோசமில்லை. மிளகாய்த்தூள் டப்பாவை நோக்கிப் போன கையை இன்னொரு கையால் பிடித்து நிறுத்தினேன்.

23-2-1993, செவ்வாய்

கோழிக்கடைத் துளசிங்கத்திடம் நாளைக்கு எலும்பில்லாத கறி வேண்டும் என்று சொல்லி வைத்தேன்.

"எலும்பே இல்லன்னா அது கோழின்னு சாப்புடறவனுக்கு எப்டிம்மா தெரியும்?"

"நான் சொல்லுவேன்."

"யாருக்கு இவ்ளோ தடபுடல்?"

"சொந்தக்காரங்க."

பொய்தான். இப்போதைக்குப் பொய்.

24-2-1993, புதன்

ஒழுங்காக, நடந்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

ஆறு பேருக்குச் சமைத்திருந்தேன். புதுப் பீங்கான் தட்டு. மயில் கழுத்துக் கலர் புடவை. ஏழரைக்குப் படியில் செருப்புச் சத்தம். கதவைத் திறந்தேன்.

அந்தோணிசாமி சார், வெள்ளைச் சட்டையில். நெற்றியில் விபூதி!

வேதக்காரர். ஞாயிறு தவறாமல் பூசைக்குப் போகிறவர். எனக்காக, என் வீட்டுக்கு வருகிறோம் என்பதற்காக, நெற்றியில் பூசிக்கொண்டு வந்திருக்கிறார்! அட என் மகராசா. வாய்விட்டுச் சொல்ல முடியாததை மனுஷன் நெற்றியில் எழுதிக்கொண்டு வந்துவிட்டாரே என்று நினைத்தேன். கண்ணில் தண்ணீர் முட்டிவிட்டது.

"இதெல்லாம் எதுக்குங்க? நான் கேக்கவே இல்லியே" என்றேன்.

"எதைக் கேக்கல?"

"விபூதி... எனக்காக..."

சார் நெற்றியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். "இன்னைக்குத் திருநீற்றுப் புதன், முதலாளியம்மா. தபசு காலம் ஆரம்பம். சாமியார் சாம்பல் பூசி விடுவார்."

ஓ, என்றேன். பூமி பிளக்கவில்லை. சரி, சாப்பாட்டிலாவது மானத்தைக் காப்பாற்றுவோம் என்று உள்ளே ஓடி, தட்டைக் கொண்டுவந்து வைத்து மூடியைத் திறந்தேன்.

சார் பார்த்தார். முகம் மலர்ந்தது. "பாஸ்தாவா! எனக்காகவா?" அடுத்த நொடி அதே முகம் சுருங்கிப்போனது. "இதுல... கோழியா?"

"கோழிதான். எலும்பு இல்லாத கோழி!"

"அன்னைக்கே சொன்னேனேம்மா, சுத்தபோசனம்னு."

"அதுக்குத்தான் அடுப்படியை ரெண்டு தடவை கழுவினேன்! ஜன்னல் கம்பிக்குக்கூட எலுமிச்சம்பழம் போட்டேன்! இதுக்கு மேல எப்படிச் சுத்தம் பண்றது?"

சார் என்னையே பார்த்தார். பிறகு மெதுவாக, "எங்க ஆளுங்க பேச்சுல சுத்தபோசனம்னா கறி இல்லாத சாப்பாடு. சைவம்" என்றார்.

சிவராத்திரி, பெருமாள், சதுர்த்தி என்று என் சாமி அத்தனை பேரையும் சுற்றிக்கொண்டு போய் அவர் சாமி மேல் நேராக மோதியிருக்கிறேன்.

முதலில் சிரித்தது அவர்தான். தூணைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். எனக்கு ஆத்திரம். "சிரிங்க, நல்லா சிரிங்க! ஒரு பொம்பளை ரெண்டு வாரமா மாவோட மல்லுக்கட்டிக்கினு, ரோஸ் கலர் கோழியெல்லாம் தின்னுக்கினு..." சொல்லும்போதே எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

ஒரு பாக்கெட் மக்ரோனி மீதி இருந்தது. பாலும் இருந்தது. கோழி படாத பாத்திரத்தில் புதிதாகச் செய்தேன். பாத்திரத்துக்கா என் வீட்டில் பஞ்சம்? சார் அடுப்படியில் நின்று பூண்டு உரித்துக் கொடுத்தார். தட்டில் வைத்ததும் கண்ணை மூடிக்கொண்டு ஒரு வாய் சாப்பிட்டார்.

"ஜெனோவா மாதிரி இருக்கா?"

"இல்ல."

"அப்ப?"

"அங்க ஓமவல்லி போட மாட்டாங்க. இது நெஞ்சுச் சளிக்கு நல்லாயிருக்கும்."

இரண்டாம் முறையும் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். அப்போதுதான் எனக்குத் தைரியம் வந்தது.

"கோழி போட்டது எப்ப சாப்பிடலாம்?"

"தபசு காலம் பூரா நான் கறி தொட மாட்டேன். ஈஸ்டருக்குத்தான். ஏப்ரல் பதினொண்ணு."

"அப்ப அதுவரைக்கும் இருங்க."

சார் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்தார். கடையாக இருந்தால் இந்த இடத்தில் ஏதாவது சொல்லிக் கஸ்டமரைப் பிடித்து நிறுத்துவேன். இங்கே தண்ணீர்ச் சொம்பைத்தான் நீட்டினேன். கை கழுவிவிட்டு, "வர்றேன், செல்லம்மா" என்று சொல்லிப் படி இறங்கிவிட்டார்.

என் பேரைச் சொன்னார், செல்லம்மா என்று. முதலாளியம்மா என்று சொல்லவில்லை.

ஆனால் போய்விட்டார்.

25-2-1993, வியாழன்

கோழிப் பாஸ்தா முழுவதும் குப்புராஜ் வீட்டுக்குப் போனது. மாங்காய் ஊறுகாய் தொட்டுச் சாப்பிட்டானாம். இன்று லீவு. "வவுறு பேஜாரு" என்று ஆள் சொல்லி அனுப்பியிருக்கிறான்.

சார் வரவில்லை.

27-2-1993, சனி

வரவில்லை. குத்துவிளக்கு ஒன்று போனது. யார் வாங்கினார்கள் என்று ஞாபகமில்லை.

28-2-1993, ஞாயிறு

காலையில் அரைக்கடை திறந்தேன். ரயில் நேரம் ஆகிவிட்டது என்று தெரிந்தும் கடிகாரத்தைப் பார்த்தேன். பார்க்காமல் இருக்க முதுகைக் காட்டி நின்று சொம்பு அடுக்கினேன்.

"ஒரு ஜல்லிக்கரண்டி வேணும்" என்று குரல்.

திரும்பாமலே, "பெங்களூர்ல கிடைக்காதா?" என்றேன்.

"கிடைக்கும். மக்ரோனியை வடிக்கச் செம்பாக்கத்துல இல்ல. நீங்க செஞ்ச மாதிரி நானும் செஞ்சு பார்த்தேன். பசையாயிடுச்சு."

"டிக்கெட்?"

"திருப்பிக் குடுத்துட்டேன். ஈஸ்டருக்கு ஒரு வீட்ல சாப்பிடக் கூப்பிட்டிருக்காங்கன்னு பையன்கிட்ட சொன்னேன். 'ஒருவேளை சாப்பாட்டுக்கா நாப்பது நாள் இருக்கப் போறீங்க?'ன்னான். ஆமான்னேன்."

ஜல்லிக்கரண்டிக்குக் காசு வாங்கவில்லை. வாங்காதது நான்தானா என்று குப்புராஜ் கிள்ளிப் பார்த்தான். என்னை இல்லை, தன்னை.

11-4-1993, ஞாயிறு

ஈஸ்டர். கோழி போட்டுச் செய்தேன். சாப்பிட்டார். கோழி இல்லாததுதான் நன்றாக இருந்ததாம். பொய் சொல்லத் தெரியாத ஆளை வைத்து வியாபாரம் பண்ண முடியாது. ஆனால் வீட்டுக்கு ஆகும்.

சாப்பிட்டு முடித்ததும் நான் கேட்கவில்லை. அவர்தான் கேட்டார். சரி என்றேன். பேரமே பேசவில்லை.

12-5-1993, புதன்

பதிவு அலுவலகத்தில் கல்யாணத்துக்கு நோட்டீஸ் கொடுத்தோம். அவர் பையன் போன் பண்ணி, "அப்பாவுக்கு மருந்து ஞாபகப்படுத்துங்க, ஆன்ட்டி" என்றான். நல்ல பையன்தான். குரல் மட்டும் கொஞ்சம் விறைப்பு. போகப் போகச் சரியாகும்.

16-6-1993, புதன்

நேற்றுக் கையெழுத்துப் போட்டாயிற்று. குப்புராஜ் சாட்சி.

இன்று செம்பாக்கத்திலிருந்து சாமான் வந்தது. கப்பல் டிரங்குப் பெட்டி, மாதா படம், ஒரு கட்டில். மூன்று சக்கர மீன்பாடி வண்டியில் எல்லாம் அடங்கிவிட்டது. குப்புராஜ் வேண்டுமென்றே தெருவில் நின்றுகொண்டு, மார்க்கெட்டுக்கே கேட்கிற மாதிரி கத்தினான்: "யக்கா! சாமான் கடைக்கா, வூட்டுக்கா?"

பூக்காரி திரும்பிப் பார்த்தாள். துளசிங்கம் கத்தியும் கையுமாக வெளியே வந்தான்.

"வூட்டுக்கு!" என்றேன். நானும் மார்க்கெட்டுக்கே கேட்கிற மாதிரிதான்.