பெனடிக்கின் கடையறை வாடகை

1953 ஆகஸ்ட் 3

கூப்பன் அரிசி ஒரு கொத்து அளவு இருபத்தைந்து சதத்திலிருந்து எழுபதுக்கு ஏறி இரண்டு கிழமை. என் கணவர் பெனடிக் கண்மூடி ஒன்பது மாதம். அவர் விட்டுப்போன கடையறைக்கு மட்டும் அதே பன்னிரண்டு ரூபாய் வாடகை. நாளைக்கு அங்கே தையற்கடை வைத்திருக்கும் ஹஸன் காக்காவிடம் இருபது கேட்கவேண்டும். ஹஜ்ஜுப் பெருநாள் வருகிறது, அவருடைய நாலு தையல் மெஷினும் ஓயாமல் ஓடுகின்றன. தரமாட்டாரா?

ஆகஸ்ட் 4

தரமாட்டாராம். “தங்கச்சி, வாடகை கூட்டுறதுக்கும் சட்டம் இரிக்கி. நினைச்சபடி கூட்டேலா.”

ஆகஸ்ட் 9

மட்டக்களப்புப் பள்ளி விடுதியிலிருந்து கடிதம். இரண்டு தவணைப் பணம் பாக்கி. மாத முடிவுக்குள் கட்டாவிட்டால் மகள் அற்புதராணியைக் கூட்டிப்போக வேண்டுமாம். பிள்ளைக்கு டிசம்பரில் எஸ்.எஸ்.சி. சோதனை. மாதாவே, நான் என்னத்தைச் செய்ய?

ஆகஸ்ட் 17

சட்டமே கூட்டித் தரட்டும் என்று வாடகைச் சபைக்கு மனுவோடு போனேன். கிளாக்கர் அழகரெத்தினம் பழைய மதிப்பேட்டைப் புரட்டினார். “அம்மா, இதக் குடுக்காதீங்க. நாப்பத்தொண்டாம் ஆண்டு மதிப்புக்கு உங்கட கடைக்குப் பத்து ரூவாதான் சட்டம். கூட வாங்கினத கடைக்காரர் திருப்பிக் கேக்கலாம்.”

வழியெல்லாம் அழுதேன். அரிசிய ஒரே நாளில ஏத்தினாங்களே — என்ட வாடகைய மட்டும் ஏன் கட்டிப்போட்டாங்க?

ஆகஸ்ட் 18

ஹஸன் காக்காவுக்கு இது தெரியக்கூடாது.

ஆகஸ்ட் 24

யார் சொன்னார்களோ, தெரிந்துவிட்டது. காலையில் வாசலில் வந்து நின்றார்.

“கூடக் குடுத்தத நான் கேக்கமாட்டன். பெனடிக் நல்ல மனிசன். ஆனா இனிப் பத்துத்தான் தங்கச்சி. எனக்கும் ஆறு புள்ளையள்.”

திரும்பி நடந்தார். எப்படித்தான் வாய் வந்ததோ — “காக்கா! எனக்குத் தைக்கத் தெரியும். உங்கட கடையில ஒரு மெஷின் தாங்க. ரெண்டு மாசச் சம்பளம் முன்னுக்கு வேணும்.”

காக்கா திரும்பி வந்தார். “கடைக்குப் பின்பக்கம் நீங்க இருந்து தைக்க ஒரு மறைப்பு அடிச்சித் தாறன். நாளைக்கு வாங்க.”

ஆகஸ்ட் 27

காக்கா தந்த முன்பணத்தை விடுதிக்கு அனுப்பினேன். எப்படிக் கிடைத்தது என்று மகளுக்கு எழுதவில்லை.

செப்டம்பர் 11

சொறிக்கல்முனையிலிருந்து ஒரு பெண் சட்டைத்துணி கொண்டுவந்தாள். மறைப்புக்குள் எட்டிப் பார்த்து, “அக்கா, கூலியக் கொஞ்சம் குறைங்களன்” என்றாள்.

“கடை காக்காட. நான் தைக்கிற ஆள்” என்றேன். நூலைக் கோத்துக்கொண்டே சொன்னேன்.