மாமியின் தேன் போத்தல்

வியாழன், இரவு.

நித்திரை வரவில்லை. நண்பர்கள் சேர்ந்து எடுக்கும் எங்கள் நடனப் படத்தின் இரண்டாம் பாகத்துக்கு இன்று நிலாவெளிக் கடற்கரையில் பாட்டு எடுத்தோம். என் தலையில் தேன் ஊற்றும் காட்சி. முதலில் ஊற்றிய சீனிப்பாகு கமெராவில் மினுங்கவில்லை. நான்தான் வீட்டுக்கு ஓடி அலுமாரியிலிருந்த தேன் போத்தலை எடுத்துவந்தேன். திரியாய்க் காட்டில் தேனீ கொட்டி முகம் வீங்க என் கணவர் எடுத்த தேன். மூன்று தரம் ஊற்றினார்கள். கணவர் பார்க்க வந்து நின்றது பிறகுதான் தெரிந்தது.

"அம்மான்ர இருமலுக்கெண்டு வச்சனான். என்னட்ட ஒரு சொல்லுக் கேட்டிருக்கலாம்," என்றார். சொல்லிவிட்டு வீட்டுக்கு நடந்தார்.

நாளைக்கும் அதே காட்சியாம். மிச்சத் தேன் இயக்குநரிடம் இருக்கிறது. "மிச்சத் தேனைத் திருப்பித் தாங்கோ, சீனிப்பாகிலயே ஆடுறன்" என்று அவருக்கு அனுப்பினேன். பதில் வரவில்லை. பக்கத்து அறையில் மாமி இருமுகிறார்.