ஆற்றடியில் கல் உருளும் சத்தம்

யொக்மொக்
ஆகஸ்ட் 9

அன்பு மகள் சுன்னாவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நான், அம்மா, உன் தம்பி அன்தாரிஸ், நாய் எல்லாரும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். அங்கே டாஸ்மேனியாவில் இப்போது குளிர்காலமாமே, போன வருடம் போல நெஞ்சுச்சளி பிடிக்காமல் நீ வேலைக்குப் போய் வந்துகொண்டிருந்தால் அதுவே எங்களுக்குப் பெரிய நிம்மதி. கலைமான் கன்றுகளுக்குக் குறி போடும் வேலை ஒருவழியாக முடிந்தது, இந்த வருடம் கொசு தாங்கவில்லை, தம்பியின் கண் இரண்டும் வீங்கி மூன்று நாள் திறக்கவே முடியவில்லை. அம்மா சதுப்பில் மஞ்சள் பழம் பறிக்கத் தினமும் போகிறாள், முழங்கை வலிக்கிறது என்று சொல்லிக்கொண்டே போகிறாள். உனக்கு ஒரு பாட்டில் ஜாம் அனுப்பலாம் என்றால் உங்கள் நாட்டுச் சுங்கத்தில் பிடுங்கிப் போட்டுவிடுவார்கள் என்கிறான் தம்பி.

இனி விஷயத்துக்கு வருகிறேன். மலையில் அப்பாவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று பிரித்தா சித்தி உனக்கு அரைகுறையாகச் சொல்லியிருப்பாள். எனக்கு ஒன்றும் ஆகவில்லை, என்னால் இன்னொருத்தருக்கு ஆனது. அதை நானே எழுதிவிடுவது நல்லது. ஜூலை கடைசி வாரம் சித்தியின் மலைநடை நிறுவனத்துக்காகச் சாரெக் மலைக்குள் ஒன்பது நாள் நடைக்கு ஆள் கூட்டிப் போனேன். மூன்றே பேர். தெற்கிலிருந்து ஹென்ரிக் என்ற பல் டாக்டரும் அவர் மனைவி இல்வாவும், பூடன் ஊரிலிருந்து கன்வோர் என்ற அம்மாளும். கன்வோர் முப்பது வருடம் சரக்கு ரயில் ஓட்டி ஓய்வு பெற்றவர், அறுபத்தாறு வயது, பருத்த உடம்பு. ஆளைப் பார்த்ததும் ஹென்ரிக் என்னிடம் வந்து, "இவங்களால முடியுமா? நாங்க இவங்களுக்காக நின்னு நின்னு போகணுமா?" என்று கேட்டார், கன்வோர் காதில் விழுகிற மாதிரியே. அந்த அம்மாள் திரும்பி, "சரக்கு ரயில் மெதுவாத்தான் போகும் தம்பி, ஆனா போய்ச் சேர்ந்துடும்" என்றார். அப்படியேதான் நடந்தார். தோளில் பதினெட்டு கிலோ, காலுக்கடியில் ஆட்டம் காண்கிற பாறை, இரண்டு நாள் விடாத மழை, வில்லோ புதருக்குள் மணிக்கு ஒரு கிலோமீட்டர்கூட நகர முடியாத நடை, எதற்கும் முகம் சுளிக்கவில்லை. மூன்றாம் நாளே ஹென்ரிக்குக்குத்தான் குதிகால் கிழிந்து ரத்தம் கசிந்தது, கன்வோர்தான் கட்டுப் போட்டுவிட்டார். ஒன்று மட்டும் கவனித்தேன், நடக்கும்போதும் காப்பி குடிக்க உட்காரும்போதும் அவர் என் வலப்பக்கமாகவே இருப்பார். அப்போது அதற்கு அர்த்தம் எனக்குப் புரியவில்லை.

நான்காம் நாள் காலை லாவ்தா ஆற்றங்கரைக்கு வந்தோம். பனிப்பாறை உருகி வரும் ஆறு, தண்ணீர் சாம்பல் கரைத்த மாதிரி, அடி தெரியாது என்பது உனக்குத் தெரியும், நீயே பதினான்கு வயதில் என்னோடு கடந்திருக்கிறாய். அடி தெரியாத ஆற்றைக் காதால்தான் பார்க்க வேண்டும், கல் உருளும் சத்தம் கேட்டால் இழுப்பு அதிகம், இறங்கக் கூடாது என்று உனக்கும் தம்பிக்கும் நானேதான் சொல்லிக்கொடுத்தேன். நின்று கேட்டேன். எனக்கு ஒரே இரைச்சல், வேறொன்றும் இல்லை. கம்பை ஊன்றிப் பாதிவரை போய்ப் பார்த்தேன், தொடை மட்டம். திரும்பி வந்து போகலாம் என்றேன். அப்போது இல்வா, "உள்ளே என்னமோ கடகடன்னு சத்தம் கேக்குதே, அது என்ன?" என்று கேட்டாள். சுன்னா, அந்த இடத்தில் நான் சொல்லியிருக்க வேண்டியது ஒன்றுதான், நான் சொன்னது வேறு. "அது தண்ணி பாறையில மோதுற சத்தம், வாங்க" என்றேன். முப்பத்தைந்து வருடம் வழிகாட்டியாக இருந்தவன் சொன்னால் யார் மறுத்துப் பேசுவார்கள். நான் முன்னால், என் பையைப் பிடித்துக்கொண்டு கன்வோர், அவருக்குப் பின்னால் ஹென்ரிக், கடைசியில் இல்வா. நடு ஆற்றில் உருண்டு வந்த ஒரு கல் கன்வோரின் காலில் அடித்திருக்கிறது. "நில்லுங்க, நில்லுங்க" என்று அவர் கரைக்கே கேட்கும் அளவுக்குக் கத்தினாராம், இல்வா பிறகு சொன்னாள். என் முதுகுக்குப் பின்னால், ஒரு முழத் தூரத்தில். எனக்குக் கேட்கவில்லை. நான் அடுத்த அடி எடுத்து வைத்தேன், அவர் பிடி விட்டுப்போனது.

பை இழுபட்டதும் திரும்பிப் பார்த்தால் ஆள் இல்லை, அவர் முதுகில் இருந்த சிவப்புப் பை மட்டும் தண்ணீரில் சுழன்றுகொண்டு போகிறது. என் பையைக் கழற்றி விட்டுவிட்டு நானும் பின்னாலேயே போனேன், நீந்தினேனா உருண்டேனா என்று தெரியாது. நல்லவேளையாக முப்பது நாற்பது மீட்டர் கீழே ஒரு மணல்திட்டு, பை அதில் தட்டி நின்றது. வாரைப் பிடித்து அவரை இழுத்து, நாங்கள் கிளம்பிய கரையிலேயே போட்டேன். முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்து கால் ஒரு பக்கமாகத் திரும்பியிருந்தது, உதடு நீலம், ஆனால் பேச்சு இருந்தது. முதலில் கேட்டது, "அந்தப் பொண்ணு கரையேறிட்டாளா?" ஹென்ரிக்கும் இல்வாவும் ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டு வந்த கரைக்கே திரும்பியிருந்தார்கள். என் பையோடு ஒரு கூடாரமும் அடுப்பும் பாதிச் சாப்பாடும் ஆற்றோடு போய்விட்டன, சட்டைப்பையில் இருந்ததால் செயற்கைக்கோள் தொலைபேசி தப்பியது. அதை இல்வாவிடம் கொடுத்து மீட்புக்குச் சொல்லச் சொன்னேன். மேகம் தரை மட்டத்துக்கு இறங்கியிருக்கிறது, விலகினால்தான் ஹெலிகாப்டர் எடுக்க முடியும் என்றார்கள். இருந்த ஒரு கூடாரத்தில் நாலு பேரும் நெருக்கிக்கொண்டு, நடுவில் கன்வோரைப் படுக்க வைத்து, காலுக்கு நடைக்கம்பை வைத்துக் கட்டி, மாற்றி மாற்றிச் சூடு கொடுத்தோம். வில்லோ குச்சியைப் பொறுக்கித் தீ மூட்டி, இருந்த காய்ந்த இறைச்சியை வெந்நீரில் போட்டு அவருக்கு ஊட்டினேன்.

அங்கேதான் ஹென்ரிக் கேட்டார். "அவங்க கத்தினது எனக்குக் கேட்டுச்சு, இல்வாவுக்குக் கேட்டுச்சு. உங்களுக்கு மட்டும் எப்படிக் கேக்கல?" நான் வாயைத் திறப்பதற்குள் கன்வோர் படுத்தபடியே, "அவருக்கு இடது காது சுத்தமா இல்ல, வலதும் பாதிதான். முதல் நாளே தெரியும் எனக்கு" என்றார். ரயில்வேயில் வருடா வருடம் காதுப் பரிசோதனை உண்டாம், வேலை போய்விடுமோ என்று நடிக்கிறவர்களை நிறையப் பார்த்திருக்கிறாராம், உதட்டைப் பார்த்துத் தலையாட்டுவதும் கேட்காததற்கு முந்திக்கொண்டு சிரிப்பதும் அப்படியே என்னிடம் இருந்ததாம். "தெரிஞ்சும் நான் பேசாம வந்தேன் பாரு, நானும் ஒரு கழுதைதான்" என்றார். "இல்லம்மா, அது என் தப்பு மட்டும்தான்" என்றேன். இரண்டு வருடமாக இப்படித்தான் இருக்கிறது, யாரிடமும் சொல்லவில்லை, என் மனைவிக்குக்கூடத் தெரியாது என்றும் சொன்னேன். ஹென்ரிக் முகத்தைத் திருப்பிக்கொண்டு, "இல்லாத காதை நம்பி எங்களை ஆத்துல இறக்கியிருக்கீங்க" என்றார்.

உனக்கும் இதில் ஒரு கணக்கு பாக்கி இருக்கிறது மகளே. போன கிறிஸ்துமஸ் அன்று நீ போனில் பேசினாயே, எனக்கு உன் குரல் வந்தது, சொல் ஒன்றும் வரவில்லை. வழக்கம்போல, "சரி சரி, ரொம்ப நல்லது" என்று சொல்லி அம்மாவிடம் கொடுத்துவிட்டேன். நீயும் அந்தப் பையனும் பிரிந்துவிட்டதை என்னிடம்தான் முதலில் சொன்னாய் என்று ஒரு வாரம் கழித்து அம்மா சொல்லித்தான் தெரியும். அப்பாவுக்கு நான் எப்படிப் போனாலும் கவலையில்லை என்று நீ சொன்னாயாம். அப்போதாவது உண்மையைச் சொல்லியிருக்கலாம். கல்நெஞ்சக்காரன் என்று நீ நினைத்தாலும் பரவாயில்லை, காது கேட்காதவன் என்று தெரிய வேண்டாம் என்று இருந்துவிட்டேன். இதை எழுதும்போது வெட்கமாக இருக்கிறது.

ஆற்றங்கரையில் மறுநாள் மதியம் மேகம் கொஞ்சம் விலகி ஹெலிகாப்டர் வந்தது. மறுபடி மூடுவதற்குள் கிளம்ப வேண்டும், படுக்கையோடு இன்னும் ஒருத்தருக்குத்தான் இடம் என்றார்கள். இல்வா ஏறிக்கொண்டாள். மிச்சம் நானும் ஹென்ரிக்கும், படகுத்துறைக்கு இரண்டு நாள் நடை. முதல் அரைநாள் அவர் பத்தடி தள்ளியே பின்னால் வந்தார். முதல் ஓடை வந்ததும் நான் நின்று, "எனக்குத் தெரியாது, நீங்க கேட்டுச் சொல்லுங்க" என்றேன். அவர் என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டுக் கரையில் குந்தி உட்கார்ந்து வெகுநேரம் கேட்டு, "ஒண்ணும் இல்ல" என்றார். கடந்தோம். சாயந்தரம் பெரிய ஓடை, என் கண்ணுக்குச் சாதுவாகத்தான் இருந்தது. அவர் கையைத் தூக்கினார். "உருளுது." சரி என்று தோளில் இருந்த கன்வோரின் பையை இறக்கிவிட்டேன். ஐஸ் உருகுவது குறைந்து தண்ணீர் வடியட்டும் என்று அடுத்த நாள் விடியும்வரை ஒரே கூடாரத்தில் கிடந்தோம், இருந்த ரொட்டியை ஆளுக்குப் பாதி சாப்பிட்டோம். தன் வேலையைப் பற்றி, செத்துப்போன அண்ணனைப் பற்றி ஏதேதோ சொன்னார், என் வலது காதுப் பக்கம் வந்து உட்கார்ந்து சொன்னார். படகுத்துறையில் பிரியும்போது, "நான் புகார் குடுக்கத்தான் போறேன், அதுல மாத்தமில்ல" என்றார். "குடுங்க, குடுக்கணும்" என்றேன். கை கொடுத்துவிட்டுப் போனார்.

கன்வோருக்குக் காலில் கம்பி வைத்திருக்கிறார்கள். ஆஸ்பத்திரிக்குப் போய்ப் பார்த்தேன், அம்மாவும் வந்தாள். "உன் புருஷன் நல்லா ஊட்டிவிடுறான், நடக்க வச்சுத்தான் ஆளைக் கொல்றான்" என்று அம்மாவிடம் சொல்லிச் சிரித்தார். தாங்குகட்டையோடு நடக்க மூன்று மாதமாகும், முன்போல நடப்பாரா என்று டாக்டர்கள் சொல்லவில்லை. வெளியே வந்ததும் அம்மா வண்டியில் ஏறி உட்கார்ந்து என்னைத் திட்டியதை எல்லாம் இங்கே எழுத முடியாது, மறுவாரமே காது டாக்டரிடம் இழுத்துக்கொண்டு போனாள். நாற்பது வருடம் காதை மூடாமல் இன்ஜின் பனிவண்டி ஓட்டியது ஒரு காரணம் என்றார். கருவி வருவதற்கு ஆறு வாரமாகும். வந்தாலும் ஆற்றங்கரைக்கு அதை நம்ப முடியாது என்று நானே கேட்டுத் தெரிந்துகொண்டேன், அதனால் இனி ஆள் கூட்டிப் போவதில்லை. தம்பியோடு மந்தை வேலைக்குப் போவேன்.

விபத்து அறிக்கை எழுதும் நாளில் பிரித்தா சித்தி வீட்டுக்கே வந்தாள். கதவைச் சாத்திவிட்டு, "அத்தான், திடீர்னு வெள்ளம் ஏறிடுச்சுன்னு எழுதிடுவோம். அந்த ஆத்துல அது நடக்கிறதுதானே. உங்க பேரும் நிக்கும், என் கடையும் நிக்கும்" என்றாள். அவள் பயம் நியாயம்தான், அவளுக்கும் இரண்டு பிள்ளைகள். இப்படிப்பட்ட அறிக்கைகளை ஒவ்வொரு கோடையிலும் புதிதாக வரும் வழிகாட்டிகளுக்கு வாசித்துக் காட்டுவது வழக்கம். காரணம் என்று போட்டிருந்த கட்டத்தில் நான் எழுதியது இது: ஆற்றடியில் கல் உருண்டது. கூட வந்தவர்களுக்குக் கேட்டது, எனக்குக் கேட்கவில்லை. கேட்கவில்லை என்று நான் சொல்லவில்லை. சித்தி படித்துப் பார்த்து, கீழே தன் கையெழுத்தையும் போட்டாள்.

நீ நன்றாக இருக்க வேண்டும், மனதுக்குப் பிடித்ததெல்லாம் உனக்கு அமைய வேண்டும், அம்மாவும் நானும் எந்நாளும் நினைப்பது அதுதான். கப்பல் பட்டறையில் இன்ஜின் ஓடும்போது காதுக்கவசத்தைக் கழற்றாதே, பக்கத்தில் நிற்பவன் கழற்றினாலும் நீ கழற்றாதே. அந்தப் பையன் விஷயத்தில் உனக்கு என்ன நடந்தது என்று எனக்கு முதலிலிருந்து எழுது. எவ்வளவு நீளமாக இருந்தாலும் பரவாயில்லை.

உன் அப்பா
பாவல்