கட்டுகஸ்தோட்டை வீட்டுப் பங்கு

கட்டுகஸ்தோட்டை
6 பெப்ரவரி 1932

சேசு மரி சூசை துணை

அன்புத் தம்பி அம்புறோசுக்கு அக்கா மதலேனா எழுதுவது.

ஆண்டவர் கிருபையால் இருக்கிறேன். கத்தரீனா சுகந்தானே? உன் மகள் டொரதிக்கு இருமல் என்று கேள்விப்பட்டேன். ஆடாதோடை இலை அவித்துக் கொடுக்கச் சொல்.

வழக்கு வைத்தவள் நான்தான், இல்லையென்று சொல்லவில்லை. அப்பா கண்ணை மூடி வருஷம் திரும்புவதற்குள் கடைக்கார நளீர் முதலாளி வந்து சுவரைத் தட்டிப் பார்த்தார். “ஒங்கட தம்பி ஊட்டோட முழுக் காணியையும் எனக்கே தாறேன்டு சொல்லிட்டாரே, ஒங்களுக்குத் தெரியாதா?” என்று கேட்டார். எனக்கு எங்கே தெரியும்? தாலியறுத்தவளுக்கு ஒண்ட வேறு இடம் ஏது? பாதியைப் பிரித்துத் தரும்படிதான் கோர்ட்டில் கேட்டேன்.

அதற்கு நீ கொடுத்த மறுப்பை எனக்காக வழக்காடும் பிரக்கிராசி தமிழில் சொன்னார். நான் டிஸ்பென்சர் மரியநாயகம் பெற்ற மகள் இல்லையாம். பன்வில தேயிலைத் தோட்டத்துக் கூலி லயத்தில் காய்ச்சலில் செத்தவர்களின் பிள்ளையாம். அதனால் பங்கே இல்லையாம். உண்மைதான். உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். ஆனால் அம்மாவும் அப்பாவும் இருந்தவரை இந்த வீட்டில் யாரும் அதை வாய்விட்டுச் சொன்னதில்லை. நீ இங்கிலீஷ் படித்தவன். வாசிக்காமல் கையெழுத்து வைத்தேன் என்று எழுதிவிடாதே.

உன் அக்கா
மதலேனா


கண்டி
20 பெப்ரவரி 1932

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதத்தைக் கத்தரீனாவுக்கு வாசித்துக் காட்டினேன். அன்றிலிருந்து அவள் என்னோடு முகம் கொடுத்துப் பேசுவதில்லை.

வாசித்துத்தான் கையெழுத்து வைத்தேன். டொரதிக்குக் கல்யாணம் பேசியிருக்கிறது. மாப்பிள்ளை வீட்டார் கேட்பது ஒரு கிளார்க்கின் சம்பளத்துக்கு எட்டாது. இதைச் சொன்னால் வழக்கு ஒரே தவணையில் முடியும் என்றார் பிரக்கிராசி. என்னை ஒரு வார்த்தை கேட்காமல் கோர்ட்டுப் படி ஏறிவிட்டீர்களே என்ற கோபமும் இருந்தது.

சமாதானமாகப் போவோம் அக்கா. வீடும் கிணறும் உங்களுக்கு, ரோட்டோரக் காணி எனக்கு. சொன்னதை நீதிபதி முன்னால் வாபஸ் வாங்குகிறேன். மாட்டேன் என்று மட்டும் சொல்லாதீர்கள். விசாரணை நடந்தால் ஊரே கூண்டில் ஏறி உங்கள் பிறப்பைப் பேசும்.

தம்பி
அம்புறோஸ்


கட்டுகஸ்தோட்டை
1 மார்ச் 1932

தம்பிக்கு,

சம்மதம். தவணையன்று வருவேன். டொரதியின் இருமல் எப்படி என்று நீ எழுதவேயில்லை.

மதலேனா


கண்டி
12 மே 1932

அன்புள்ள அக்காவுக்கு,

டொரதிக்கு இருமல் நின்றுவிட்டது.

கோர்ட்டு வாசலில் கூப்பிட்டேன், நீங்கள் திரும்பவில்லை. பஸ் ஏறும்வரை பின்னாலேயே வந்தேன். நீதிபதி முன்னால் நான் சொன்னது உங்கள் காதில் விழுந்ததா? எல்லார் முன்னாலும் சொல்லிவிட்டேனே. இனியும் மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். ஒரு ஞாயிறு பூசை முடிந்து குடும்பத்தோடு வரட்டுமா?

உங்கள் தம்பி
அம்புறோஸ்


கட்டுகஸ்தோட்டை
18 மே 1932

அம்புறோசுக்கு,

விழுந்தது. “இந்தம்மா ஒம்ம அக்காதானா?” என்று நீதிபதியின் கேள்வியைக் கோர்ட்டு முதலியார் தமிழில் கேட்டபோது நீ என்னைப் பார்க்கவில்லை. உன் பிரக்கிராசியைப் பார்த்தாய். அவர் தலையசைத்த பிறகுதான் “ஆமாங்க, என் அக்காதான்” என்றாய். உனக்கு அம்மை போட்டு வேப்பிலையில் கிடந்தபோது உன்னோடு அறைக்குள் கிடந்தவள் நான். அன்றைக்கு நீ என்ன முறை என்று யாரும் என்னைக் கேட்கவில்லை.

நீ குறை வைக்கவில்லை. வழக்கு நடந்திருந்தால் சட்டப்படி ஒரு கல்கூட எனக்குக் கிடைத்திருக்காது என்று என் பிரக்கிராசியே சொன்னார். அதற்கு உனக்கு நன்றி சொல்கிறேன். ஊரார் ஒரு நல்லது செய்தால் சொல்வோமே, அந்த மாதிரி.

திங்கட்கிழமை உயில் எழுதக் கண்டியில் நொத்தாரிசிடம் போனேன். என் காலத்துக்குப் பிறகு இந்த வீடு டொரதிக்கு. மாப்பிள்ளை வீட்டாரிடம் நீ தாராளமாகச் சொல்லலாம். “என்ன உறவு?” என்று கேட்டார் நொத்தாரிசு. “தம்பி மகள்” என்றேன். எழுதிக்கொண்டு அடுத்த வரிக்குப் போய்விட்டார். வெளியே வந்து, குளக்கரையில் வெகுநேரம் நின்றுவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை கத்தரீனாவும் டொரதியும் வரட்டும். பலாக்காய்க் கறி வைத்திருப்பேன். அவர்களைப் பாலத்தடிவரை கொண்டுவந்து விட்டுவிட்டு, நீ திரும்பிப் போய்விடு.

மதலேனா