இந்தக் கணினிக்கு உரியதல்ல

அக்டோபர் 9, திங்கள்

வாடிக்கைக்காரர் புராவியின் வண்டிக்கு, டீசலைப் பீச்சும் இன்ஜெக்டர் புதிதாகப் போட்டாயிற்று. அதன் எண்ணை இன்ஜின் கணினிக்குள் எழுதினால் வேலை முடிந்தது, ஐந்து நிமிடம். லேப்டாப்பைத் திறந்தால் மென்பொருள் உள்ளேயே விடவில்லை. 'கணினியின் அடையாளம் பொருந்தவில்லை. இந்த லைசென்ஸ் இந்தக் கணினிக்கு உரியதல்ல.' நான்கு முறை அணைத்துப் போட்டேன். அதே வரி.

கடையில் கூட வேலை பார்க்கும் தங்கை புருஷன் ஷாக்கர் இருந்தால் இந்நேரம் ஏதாவது சொல்லியிருப்பார். தாய்க்கு உடம்பு சரியில்லை என்று கேபெஸ் ஊருக்குப் போனவர் இன்னும் வரவில்லை.

புராவியின் மனைவி ஸல்ஹாவுக்கு வாரத்தில் மூன்று நாள் டயாலிசிஸ். செவ்வாய், வியாழன், சனி. ஆஸ்பத்திரிக்கு அந்த வண்டிதான். ஸ்ஃபாக்ஸ் ஊரில் இந்த வகை வண்டியின் கணினியைத் திறக்கும் மென்பொருள் லைசென்ஸ் எங்களிடம் மட்டும்தான் இருக்கிறது. வேறு எங்கே அனுப்புவேன்?

அக்டோபர் 10, செவ்வாய்

ஸல்ஹாவை என் வேனிலேயே ஆஸ்பத்திரியில் விட்டேன். வழியெல்லாம் என்னிடம் மன்னிப்புக் கேட்டபடி வந்தாள். கேட்க வேண்டியவன் நான்.

மீதி நாள் லேப்டாப்போடு போனது. இந்த மென்பொருள் டிஸ்க்கின் எண், போர்டின் எண், நெட்வொர்க் கார்டின் எண் மூன்றையும் சேர்த்துத்தான் கணினியை அடையாளம் காண்கிறது. ஒன்று மாறினாலும் யார் நீ என்று கேட்கும். போன வாரம் இணையத்துக்காகச் சொருகிய சின்னக் கருவியைப் பிடுங்கினேன். கடிகாரம் சரியாக ஓடுகிறதா பார்த்தேன். அடிமூடியைக் கழற்றி டிஸ்க்கைப் பார்த்தேன், நான் வாங்கிப் போட்ட அதே டிஸ்க். எதுவும் மாறவில்லை. அப்புறம் ஏன்?

ஷாக்கருக்கு போன் செய்தேன். பின்னால் ஏதோ கம்ப்ரெஸர் ஓடும் சத்தம். "நீங்க போன வாரம் அப்டேட் போட்டீங்கல்ல மச்சான், அதான் கெடுத்திருக்கும்" என்றார். இருக்கலாம். எனக்கு எப்போதும் கை துறுதுறுதான்.

அக்டோபர் 11, புதன்

தூனிஸில் இருக்கும், மென்பொருள் விற்ற ஏஜென்சியை ஒருவழியாகப் பிடித்தேன். இப்திஸாம் என்ற பெண் பேசினாள். திரையில் வந்த அடையாள எண்ணைப் படித்துக் காட்டச் சொன்னாள். படித்தேன். அவள் கீபோர்டைத் தட்டும் சத்தம் கேட்டது.

"உங்க கம்ப்யூட்டர்ல ஒரு கோளாறும் இல்லைங்க. செப்டம்பர் 28ஆம் தேதி லைசென்ஸை வேற கம்ப்யூட்டருக்கு மாத்தியாச்சு. பழசுல பத்து நாள் ஓடும், அப்புறம் நின்னுடும். நீங்கதானே லெட்டர் கொடுத்தீங்க?"

நான் கொடுக்கவில்லை என்றேன். கடிதத்தின் நகலைப் போனுக்கு அனுப்பி வைத்தாள். எங்கள் கடை முத்திரை. கீழே என் கையெழுத்து, நானே போட்டது. இன்ஷூரன்ஸ் காகிதம் என்று ஷாக்கர் ஒரு கத்தையை நீட்டினாரே, ஒரு மத்தியானம்? நான் கியர்பாக்ஸுக்கு அடியில் படுத்திருந்தேன். "நாலு கையெழுத்து மச்சான்." கையைத் துடைத்துக்கொண்டு போட்டேன். ஒன்றையும் படிக்கவில்லை. தங்கை புருஷன் நீட்டுவதை யார் படிப்பார்கள்?

புதுக் கணினியின் பெயரும் கடிதத்தில் இருந்தது. 'பஸ்மா'.

என் தங்கையின் பெயர்.

நீங்கள் எழுத்தில் புகார் கொடுத்தால் லைசென்ஸ் திரும்பி வரும், ஆனால் விஷயம் போலீஸுக்குப் போகும் என்றாள் இப்திஸாம். யோசித்துச் சொல்கிறேன் என்றேன். எதை யோசிக்க? நான்தான் கெடுத்தேன்னு ரெண்டு நாளா லேப்டாப்பைப் பிரிச்சிப் போட்டுத் தேடினேனே. தெரிஞ்சிக்கிட்டே அப்டேட்டுன்னு சொன்னாரே, பாவி.

அக்டோபர் 12, வியாழன்

ஷாக்கரின் நீல அங்கியை ஆணியிலிருந்து எடுத்தேன். மறுபடி மாட்டினேன். ஸல்ஹாவைக் கொண்டுபோய் விட்டேன். பஸ்மாவுக்குத் தெரியுமா?

அக்டோபர் 13, வெள்ளி

தெரியும்.

கதவைத் திறந்தவள் என் முகத்தைப் பார்த்ததுமே உள்ளே போய்க் காபி வைத்தாள். இதே ஊரில், தூனிஸ் சாலையில் தனியாகக் கடை பிடித்திருக்கிறார்களாம், மூன்று மாதமாக வேலை நடக்கிறதாம். பெயர்ப்பலகையில் அவள் பெயர். மூன்று மாதத்தில் எத்தனை வெள்ளிக்கிழமை இங்கே உட்கார்ந்து குஸ்குஸ் சாப்பிட்டிருக்கிறேன்!

கேட்டிருந்தால் கொடுத்திருப்பேனே என்றேன்.

"கேட்டிருந்தா 'பார்க்கலாம்'னு சொல்லியிருப்ப. பதினோரு வருசமா அதைத்தானே சொல்ற. அவரு பேரையும் பலகைல போடுன்னு நானே ரெண்டு தடவ கேட்டேன். அப்பவும் 'பார்க்கலாம்'னுதான் சொன்ன."

கேட்டிருக்கிறாள். உண்மைதான்.

"அதுக்காகத் திருடுவாங்களா பஸ்மா?"

எழுந்தாள். கோப்பையை எடுத்துக்கொண்டு போனாள். நான் இன்னும் குடிக்கவே இல்லை.

அக்டோபர் 14, சனி

மதியம் ஸல்ஹாவுக்கு முறை. வேனில் எத்தனை நாள் கொண்டுபோவேன்? புராவியின் வண்டியைக் காலையிலேயே கயிறு கட்டி இழுத்துப் போனேன், தூனிஸ் சாலைக்கு. புராவியிடம் காரணம் சொல்லவில்லை.

ஷாக்கர் வாசலில் நின்றார். என்னைப் பார்த்து இரண்டடி பின்னால் போனார். அடிக்க வந்தேன் என்று நினைத்திருப்பார். வந்திருக்கலாம்.

இந்த வண்டிக்கு எண் எழுத வேண்டும் என்று மட்டும் சொன்னேன். லேப்டாப்பைக் கொண்டுவந்து இணைத்தார். மென்பொருள் உடனே திறந்தது. இன்ஜெக்டரில் இருந்த எண்ணை நான் படிக்க, அவர் தட்டினார். எப்போதும் செய்வது போலத்தான். அதுதான் தாங்க முடியவில்லை. இன்ஜின் உதறாமல் சீராக ஓடியது.

"உங்கம்மா எப்படியிருக்காங்க மாப்ள?"

வயரைச் சுருட்டிக்கொண்டே இருந்தார். பிறகு, "நல்லாத்தான் இருக்காங்க" என்றார்.

"லைசென்ஸை எடுத்துக்கிட்டுப் போனது கூடப் பரவால்ல. ஒரு பொய்க்காகப் பெத்தவளப் படுக்கையில போட்டுட்டுப் போனீங்களே."

திரும்பிப் பார்க்காமல் வந்துவிட்டேன். வண்டி மதியத்துக்குள் புராவியின் வீடு சேர்ந்தது.

அக்டோபர் 30, திங்கள்

இப்திஸாம் மறுபடி கூப்பிட்டாள். புகார் வேண்டாம் என்றேன். நல்ல மனசு ஒன்றும் இல்லை. போலீஸ் நிலையத்தில் பஸ்மாவின் பெயரை என் வாயால் சொல்ல வேண்டும், அவ்வளவுதான். புது லைசென்ஸ் கேட்டிருக்கிறேன். அதுவரை ஆயில் மாற்றுவதும் பிரேக் கட்டை போடுவதும்தான் பிழைப்பு. பழைய வாடிக்கைக்காரர்கள் இரண்டு பேர் கடையைத் தாண்டித் தூனிஸ் சாலைப் பக்கம் போவதைப் பார்த்தேன். கையசைத்தார்கள்.

நவம்பர் 20, திங்கள்

ஊரே ஆலிவ் பறிக்கப் போயிருக்கிறது, கடையில் ஈ ஓட்டுகிறேன். புது லைசென்ஸுக்கான விண்ணப்பத்தை நிரப்பி அனுப்பினேன். ஒவ்வொரு வரியாக, இரண்டு தடவை படித்து. மத்தியானம் இப்திஸாம் கூப்பிட்டாள்.

"எல்லாம் சரியா இருக்குங்க. உங்களுக்குப் பதிலா கையெழுத்துப் போடக்கூடியவர் பேருன்னு ஒரு கட்டம், அது மட்டும் காலியா இருக்கு. மறந்துட்டீங்களா?"

"மறக்கலைங்க" என்றேன்.