மேற்குச் சுவரின் இடுக்குகள்

ஜூன் 4, செவ்வாய்

நேற்று ஒரு மணி நேரம்தான் மழை. அதற்குள் படுக்கையறையின் மேற்குச் சுவரில் உட்பக்கம் என் தோள் உயரத்துக்கு ஈரம். போன வருடம் முழங்கால் அளவோடு நின்றது. மண்டை காய்கிறது.

மே மாதம் முழுக்க என்ன செய்தேன்? வெளிப்பக்கம் ஏணி போட்டு ஏறி, மணற்கற்களுக்கு நடுவே பொரிந்து கொட்டிய பழைய சுண்ணாம்பைச் சுரண்டி எடுத்து, ஒவ்வோர் இடுக்கையும் நல்ல சிமெண்டால் அடைத்தேன். ஊசி நுழைய இடம் வைக்கவில்லை. பஸ் டிப்போவில் முப்பத்தொரு வருடம் நேரம் குறித்தவன் நான். அரைகுறை வேலை எனக்கு ஆகாது. பிறகு எந்த வழியாக வருகிறது தண்ணீர்?

என் மனைவிக்கு விடிந்ததிலிருந்து மூச்சிழுப்பு. "யாரையாவது கேட்டுட்டுப் பண்ணுங்கன்னு அப்பவே சொன்னேன்" என்றாள். சொன்னாள்தான்.

ஜூன் 5, புதன்

ஈரச் சுவர் இருக்கும் அறையில் படுக்கவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். "நான் முன்னறையில படுத்துக்கிறேனே" என்றாள். வேண்டாம், உடைக்க வேண்டி வந்தால் தூசி பறக்கும், தங்கை வீட்டில் ஒரு பத்து நாள் இருந்துவிட்டு வா என்று நானே பெட்டியை இறக்கிக் கொடுத்தேன். பஸ் ஏற்றிவிட்டேன். கையசைத்தேன். அவள் முன்சீட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள் — களைப்பாக இருக்கும்.

ஜூன் 8, சனி

நான் பூசிய சிமெண்ட் இரும்பு மாதிரி நிற்கிறது. பக்கத்துக் கல்லைத் தடவினால் மணலாகக் கொட்டுகிறது. கல் உதிர்கிறது, பூச்சு நிற்கிறது. இது என்ன கூத்து?

ஜூன் 10, திங்கள்

பழைய கட்டடங்களில் வேலை செய்கிற கொத்தனார் ஒருவரை டிப்போ நண்பர் அனுப்பிவைத்தார். சுவரை ஏற இறங்கப் பார்த்தார்.

"சுவர் மேல உங்களுக்கு என்ன சார் கோபம்?"

எனக்குச் சுருக்கென்றது. அப்புறம் அவரே விளக்கினார். "மழைன்னா கல்லு கொஞ்சம் குடிக்கத்தான் செய்யும். குடிச்ச தண்ணி சுண்ணாம்பு வழியா ஆவியாயிடும். அந்த வழியை நீங்க அடைச்சிட்டீங்க. இப்ப அது கல்லை அரிச்சுக்கிட்டு வெளிய வருது. மிச்சம் வீட்டுக்குள்ள வருது."

"பழைய சுண்ணாம்புதான் உதிர்ந்து போச்சே?"

"அது உதிரட்டும் சார். வீணாப் போனா இடுக்குல இருக்கிறதுதான் போகணும், கல்லு போகக் கூடாது. கல்லை விட மெத்துன்னு இருந்தாத்தான் நல்லது."

கெட்டியாக இருப்பதுதான் தப்பாம். தண்ணீர் வரக்கூடாதென்று அடைத்தேன், அடைத்ததால்தான் தண்ணீராம். தலையும் புரியவில்லை, வாலும் புரியவில்லை. ஆனாலும் சரி என்று தலையாட்டினேன்.

ஜூன் 14, வெள்ளி

ஐந்து நாளாகச் சிமெண்டைப் பெயர்க்கிறோம். மெஷின் வைத்தால் கல்லின் விளிம்பு போய்விடும் என்று உளியும் சுத்தியலும்தான். இன்று அவசரப்பட்டு ஒரு மூலையைப் பிளந்துவிட்டேன். கொத்தனார் ஒன்றும் சொல்லவில்லை. ஏதாவது சொல்லியிருக்கலாம்.

சாயங்காலம் அவளிடம் பேசினேன். பதினொரு வரிசை முடிந்தது, இன்னும் ஒன்பது என்றேன். "சரி" என்றாள். இரண்டு விரல் ஆழத்துக்கு நோண்டுகிறோம் என்றேன். "சரி" என்றாள். நெட்வொர்க் சரியில்லை போல.

ஜூன் 17

அதே "சரி".

ஜூன் 20, வியாழன்

சுண்ணாம்பும் சலித்த மணலும் கலந்து எல்லா இடுக்கையும் நிரப்பி முடித்தாயிற்று. சுவர் முழுக்க ஈரச் சாக்கைத் தொங்கவிட்டார் கொத்தனார். "ஏழு நாள் இது நனைஞ்சே இருக்கணும். காலையில, மத்தியானம், சாயந்திரம். வெயில்ல சட்டுன்னு காஞ்சா மாவாப் போயிடும் சார், எல்லாத்தையும் மறுபடி நோண்டணும்."

ஈரத்தைப் போக்கத்தானே இத்தனை பாடு? இப்போது நனைக்கச் சொல்கிறார். நான் கேள்வி கேட்பதை விட்டுவிட்டேன். வாளியும் கையுமாக நிற்கிறேன்.

ஜூன் 22, சனி

போனை மைத்துனி எடுத்தாள். அக்கா குளிக்கிறாள் என்றாள். ஏழு நாள் சாக்கு நனைக்க வேண்டியிருக்கிறது என்று மைத்துனியிடமே சொல்லிவைத்தேன். பின்னால் அக்காவே இருமுவது கேட்டது.

"இழுப்பு இன்னும் நிக்கலையா?"

"அதெல்லாம் ரெண்டு வாரமா இல்ல. இது வெறும் தொண்டைக் கமறல். நல்லாத்தான் இருக்கா."

"அப்புறம் ஏன் பேச மாட்டேங்கிறா?"

 மைத்துனி கொட்டித் தீர்த்தாள். "முன்னறையில படுத்துக்கிறேன்னு சொன்னவகிட்ட பெட்டியை எடுத்துக் குடுத்தீங்களே அத்தான். பத்து நாள்னீங்க, பதினேழு நாள் ஆச்சு. போன் பண்ணா சுவர்ல எத்தனை வரிசைன்னு சொல்றீங்க. எப்ப வர்றேன்னு ஒரு தடவையாவது கேட்டீங்களா? தெருமுனைத் தையல் கடையில வேலைக்குக் கேட்டிருக்கா. திங்கட்கிழமை வரச் சொல்லிட்டாங்க."

போனை வைத்துவிட்டுச் சுவர் முன்னால் வந்து உட்கார்ந்தேன்.

அவளுக்காகத்தானே இவ்வளவும்? அவள் மூச்சுக்காகத்தானே? அது அவளுக்குத் தெரியாதா என்ன — தெரியாதோ? நான் சொன்னேனா? மே மாதத்திலிருந்து யோசித்துப் பார்க்கிறேன். சொன்னதாக ஞாபகம் இல்லை. பயமாக இருக்கிறது.

நாளை காலை போகலாமென்றால் மத்தியானம் நனைக்க ஆள் இல்லை. பக்கத்து வீடு பூட்டிக் கிடக்கிறது. கொத்தனார் போனை எடுக்கவில்லை. மூன்றாம் நாள்தான் ஆகிறது, ஜூன் வெயில். என்ன செய்ய?

ஜூன் 23, ஞாயிறு

பஸ்ஸில் எழுதுகிறேன். கையெழுத்து கோழி கிளறின மாதிரி இருக்கிறது.

காலையில் ஒரு தடவை சாக்கை நனைத்துவிட்டு முதல் வண்டியைப் பிடித்தேன். கதவைத் திறந்தவள் அவள்தான். நன்றாக மூச்சு விடுகிறாள். 

"சுவரைப் பத்திப் பேச வரல. நீ இல்லாம வீட்டுல எனக்கு ஒண்ணும் ஓடல" என்றேன். "உன்னை அனுப்பியிருக்கக் கூடாது. வந்துடு."

 அவள் என் கையைப் பார்த்தாள். சுண்ணாம்பில் வெந்து விரல் நுனியெல்லாம் தோல் உரிந்திருக்கிறது.

"ஏதோ சாக்கு நனைக்கணும்னீங்களாமே. மத்தியானம் யார் நனைப்பா?"

"யாரும் இல்ல."

"காஞ்சா?"

"மாவாப் போயிடும். போகட்டும்."

என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு உள்ளே போய்க் கொடியிலிருந்து புடவைகளை உருவ ஆரம்பித்தாள். "இப்பக் கிளம்பினா ரெண்டு மணிக்குள்ள போயிடலாம். நான் முன்னறையிலதான் படுப்பேன்" என்றாள். தங்கையிடம், "தையல் கடையில ஒரு மாசம் கழிச்சுச் சொல்றேன்னு சொல்லு" என்றாள்.

அந்த ஒரு மாதம் சுவருக்கா, எனக்கா? கேட்கத் தைரியம் வரவில்லை.

பஸ் இரண்டு சிக்னலாக ஊர்ந்துகொண்டிருக்கிறது. "கொஞ்சம் வேகமாப் போகச் சொல்லுங்களேன்" என்கிறாள், என் தோளை இடித்து. "டிப்போல எல்லாரையும் தெரியும்னு பீத்திக்குவீங்களே."